பொய்ம்முடியும் பிறர்முடியும்

தன் பல்லைப் பிடுங்கி விற்பவன் தன்னைத்தானே ஓரளவு கொலை செய்தவனாவான் என்பது இமானுவேல் கான்ற் என்னும் செருமானிய மெய்யியலாளரின் கருத்து. 1797இல் வெளிவந்த ‘ஒழுக்கத்தின் பௌதீகவதீதம்’ என்னும் நூலில், மனிதன் தன் உடல் தொடர்பாகத் தனக்குத்தானே ஆற்றவேண்டிய கடமைகளை ஆராயுமிடத்தில் இக்கருத்து இடம்பெறுகின்றது. பல் உடலின் உறுப்பு. மயிரோ உடலின் ஒரு பகுதியேயன்றி உறுப்பன்று. ஆதலின் மயிரைக் களைதல் குற்றமாகாது. இவ்வளவில் அவர் நின்றிருக்கலாம். ஆனால், விற்கும் நோக்குடன் மயிரைக் களைதல் முற்றிலும் பழிக்கு அப்பாற்பட்டதன்று என ஒரு சிறு தொடரையும் சேர்த்துவிட்டே அடுத்த பொருளுக்குச் செல்கின்றார்.

அச்சிறு தொடர் ஆராயத்தக்கது. கான்ற் வாழ்ந்த பதினெட்டாம் நூற்றாண்டு, ஐரோப்பிய ஆடவர் பிறர் மயிராலாகிய முடியைத் தலையிற் கவிழ்த்து உலாவிய நூற்றாண்டு. அவரது உருவப்படங்களிலும் அவர் அத்தகைய முடியுடனேயே காட்சியளிக்கின்றார். மயிரை விற்பவரிடத்தில் சிறு பழியொன்றைக் கண்ட அவர், அதனை வாங்கி அணிபவரைப் பற்றி அவ்விடத்தில் ஒரு சொல்லும் கூறவில்லை. இது கான்றின் தனிப்பட்ட மறதியென்று கொள்வது பொருந்தாது. அம்மறதி அத்தொழிலின் சொற்களிலேயே ஊறிக் கிடந்தது.

பிரெஞ்சு மொழியில் ‘பெருக்’ என்ற சொல் பதினைந்தாம் நூற்றாண்டளவில் ஒருவரது சொந்தக் கூந்தலையே குறித்தது. அணியப்படும் முடியைக் குறிக்க வேண்டியபோது ‘பொய்’ என்ற அடைமொழி அதனோடு சேர்க்கப்பட்டது. காலப்போக்கில் அடைமொழி உதிர்ந்தது. சொல் முழுவதும் கடன்முடிக்கு உரியதாயிற்று. ஆங்கிலத்திற் புகுந்த அச்சொல் ‘பெரிவிக்’ எனத் திரிந்து, பதினேழாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ‘விக்’ எனக் குறுகியது. சொந்த மயிருக்குரிய பெயரைப் பிறர் மயிர் கவர்ந்துகொண்ட வரலாறு இது.

தொழில் செய்வோனுக்கும் பெயர்கள் பல இருந்தன. பிரான்சில் 1673ஆம் ஆண்டு பதினான்காம் லூயி மன்னனின் காலத்தில் அமைக்கப்பட்ட கூட்டுக் கழகம், நாவிதர், முடிசெய்வோர், குளிப்பிடம் நடத்துவோர், வெந்நீராவி அறை நடத்துவோர் ஆகிய நால்வகையினரையும் ஒரே பெயரில் இணைத்தது. அறுவை மருத்துவத்தோடு கலந்து கிடந்த நாவிதத் தொழில் இதனால் தனக்கெனத் தனிநிலை பெற்றது. அணிவோனுக்கும் பெயர் கிடைத்தது. பெரிய முடி அணியும் பெரிய மனிதரை ‘பிக்விக்’ என ஆங்கிலேயர் எள்ளலாக அழைத்தனர். முடி தலையைவிட்டு நீங்கிய பின்னும் அச்சொல் நீங்கவில்லை. முடியைத் தாங்கும் மரத்தலைக்கும் பிரெஞ்சில் ஒரு பெயருண்டு. பழமையை விடாப்பிடியாகப் பற்றிக்கொண்டிருக்கும் மனிதனையும் அப்பெயராலேயே கேலிசெய்வர். மரக்கட்டைக்கும் பெயர் வைத்த இத்தொழில், மயிரைத் தந்த மனிதருக்கு வழக்கில் நிலைத்த பெயரெதனையும் தரவில்லை.

இம்மயிர் எவ்வாறு முடியாயிற்று என்பதை 1767இல் கார்சோல் என்பவர் வெளியிட்ட தொழில்நூல் விரிவாகக் கூறுகின்றது. வாங்கிய மயிரை நீளமும் தன்மையும் நோக்கித் தரம்பிரித்து, சிறு கட்டுகளாகக் கட்டி, களிமண் உருளைகளிற் சுற்றி நீரிற் பல மணி நேரம் கொதிக்கவைப்பர். உலர்ந்தபின் தாளிற் பொதிந்து, கம்புமாவுக்கு நிகரான றை மாவினாற் போர்த்து, அப்பஞ் சுடுவோனின் போறணையில் இட்டு எடுப்பர். இதனாற் சுருள் நிலைபெறும். பின்னர் இரு தண்டுகளுக்கிடையே இழுத்துக் கட்டிய பட்டு நூல்களில் மயிரைச் சில இழைகளாகப் பின்னி, மரத்தலையிற் பொருத்திய வலைத்தொப்பியில் வரிசை வரிசையாகத் தைப்பர். பெரியதொரு முடிக்கு ஒருவரின் கூந்தல் போதாது. பலரின் கூந்தல் கலக்கும். கொதியும் சூடும் பின்னலும் கடந்து வரும்போது எது எவருடையது என்று பிரித்தறிய எவராலும் முடியாது. கைவினையின் திறமே மறதியின் கருவியுமாகியது எனலாம்.

பெயருடையோர் குரலும் உடையோராவர். 1765ஆம் ஆண்டு பெப்ரவரியில் இலண்டன் முடிசெய்வோர் ஊர்வலமாகச் சென்று மூன்றாம் ஜோர்ஜ் மன்னனிடம் ஒரு விண்ணப்பம் அளித்தனர். ஆடவர் தம் சொந்த மயிருடன் திரியத் தொடங்கிவிட்டமையால் தம் தொழில் நலிந்துவிட்டது என்பது அவர்களது முறையீடு. வழியில் நின்ற மக்களோ, விண்ணப்பம் ஏந்திச் சென்றவருட் பலர் தாமே முடியணியாது சொந்த மயிருடன் செல்வதைக் கண்டு வெகுண்டு, அவர்களைப் பிடித்து மயிரைக் கத்தரித்துவிட்டனர். அதனையடுத்து, மன்னர் மரக்கால் அணிந்து தம் தொழிலை ஆதரிக்க வேண்டுமெனத் தச்சர் கேட்பதாகக் கேலி விண்ணப்பமொன்றும் உலவியது. நகைப்புக்கிடமான இந்நிகழ்ச்சியில் ஒன்று கவனிக்கத்தக்கது. முடி வழக்கொழிந்தால் வருவாய் இழப்போர் முடிசெய்வோர் மட்டுமல்லர். கிராமங்களில் மயிர் விற்றோரும் இழப்பர். அவர்களுக்குக் கழகமும் இல்லை, ஊர்வலமும் இல்லை, அவர்களைக் கேலிசெய்யும் விண்ணப்பங்கூட இல்லை.

அவர்கள் யாவர்? பெரும்பாலும் நாட்டுப்புறப் பெண்கள். அவர்களை நேரிற் கண்டு எழுதியோருள் ஒருவர் தோமஸ் அடோல்பஸ் ரொலப். முடியணியும் வழக்கம் ஆடவரிடையே மறைந்து, பெண்களின் கூந்தற் புனைவுக்காகவே மயிர் வாங்கப்பட்ட பிற்காலத்தில், 1840இல் வெளியான தமது பயண நூலில், பிரான்சின் பிறித்தானிப் பகுதிச் சந்தையொன்றை அவர் விவரிக்கின்றார். ஆடுகளுக்கு உரோமம் கத்தரிப்பதுபோல இளம் பெண்கள் ஒருவர்பின் ஒருவராக மயிர் கத்தரிக்கப்பட்டனர். தம் முறைக்காகத் தொப்பியைக் கையிலேந்திப் பலர் காத்து நின்றனர். கிடைத்த விலை சில காசுகள் அல்லது பகட்டான நிறமுடைய ஒரு கைக்குட்டை. அப்பகுதிப் பெண்கள் தலையை முழுதும் மூடும் தொப்பி அணியும் வழக்கமுடையோராதலின் இழப்பு வெளியே தெரியவில்லை.

ஆயினும் மயிர் தந்தவரை உலகம் முற்றாக மறந்ததென்று கூறுவதற்கில்லை. அவ்வப்போது நினைத்தது, அச்சத்தினால் நினைத்தது. கி.பி. இரண்டாம் நூற்றாண்டின் இறுதியளவில் எழுதிய அலெக்சாந்திரியா நகரக் கிளமென்ற், பிறர் மயிரணிந்த பெண்ணின் தலைமீது குரு கைவைத்து ஆசி கூறும்போது அவ்வாசி யாருக்குச் சேருமென வினவினார். அது அப்பெண்ணுக்கன்று, அம்மயிருக்குரிய வேறொரு தலைக்கே சேரும் என்றார். கண்டனமாகச் சொல்லப்பட்டதாயினும் அருமையான வினா இது. வேறொரு தலை உண்டென்பதை அவர் மறக்கவில்லை. 1665இல் இலண்டனிற் கொள்ளைநோய் பரவியபோது சாமுவேல் பீப்ஸ் தமது நாட்குறிப்பில், நோயினால் இறந்தோரின் தலையிலிருந்து எடுத்த மயிராயிருக்குமோ என்ற அச்சத்தால் இனி எவரும் முடி வாங்கத் துணியார் எனக் குறித்தார். அவரே புதிய முடியொன்றை முன்னரே வாங்கி வைத்து அணிய அஞ்சிக்கொண்டிருந்தவர். பிறர் தலை ஒருவருக்கு வழிதவறிய ஆசியாகவும் மற்றவருக்கு நோயாகவும் தோன்றியது. ஒரு மனிதராக அது இருவருக்கும் தோன்றவில்லை.

இவ்விடத்தில் வலிமைமிக்க எதிர்வாதம் ஒன்றுண்டு. பிறித்தானிப் பெண் தன் விருப்பத்தோடு விற்றாள். மயிர் மீண்டும் வளரும். தொப்பிக்குள் மறைந்து கிடந்த கூந்தலைவிட வெளியே அணியும் கைக்குட்டை அவளுக்கு உவப்பானது. அவள் இழந்தது யாது? அவளுக்காக இரங்குவது அவளது அறிவை இகழ்வதாகாதா? இவ்வாதத்தை எளிதிற் புறந்தள்ள இயலாது. இரக்கம் பல வேளைகளில் இகழ்ச்சியின் மறுவடிவமே. கான்றின் சிறு தொடரும் இக்குற்றத்துக்கு உட்பட்டதே. வறுமையினாலோ ஆசையினாலோ விற்ற பெண்மீது பழியில் ஒரு துளியைத் தெளித்தது அது.

ஆனால் அதே கான்ற் 1785இல் எழுதிய நூலொன்றில் விலைக்கும் மாண்புக்கும் வேறுபாடு காட்டினார். ஈடாக வேறொன்றை வைக்கக்கூடிய பொருளுக்கு விலையுண்டு; ஈடு வைக்கமுடியாததற்கு மாண்புண்டு. இவ்வேறுபாட்டை மயிர் வணிகத்தோடு பொருத்தி நோக்குதல் பயனுடையது. சந்தையிற் கூந்தலுக்கு ஈடு ஒரு கைக்குட்டை. ஆகவே அது வெறும் விலைப்பொருள். அரசவையிலோ நீதிமன்றிலோ அதேவகை மயிர் ஒருவரின் மாண்பாகக் கருதப்பட்டது. முடியற்ற நீதிபதி நீதிபதியாகத் தோன்றார். வழுக்கை விழுந்த மன்னன் மன்னனாகத் தோன்றான். விலையாகக் கொடுக்கப்பட்டது மாண்பாகத் திரும்பி வந்தது. வந்த இடம் வேறொரு தலை. பெண் ஏமாற்றப்பட்டாள் என்று கூறுவதைவிட, அவளை நினைவிற்கொண்டால் அம்மாண்பு நிலைக்காது என்று கூறுவதே பொருத்தமாகும். தோமஸ் ஹார்டி 1887இல் வெளியிட்ட ‘காட்டு மாந்தர்’ என்று பொருள்படும் நாவலில் இது கதையாகவே அமைந்துள்ளது. மார்ட்டி என்னும் ஏழைப்பெண் இரு பவுண் பொற்காசுகளுக்குத் தன் கூந்தலை விற்கின்றாள்; அது செல்வச் சீமாட்டி ஒருத்தியின் தலையை அழகுசெய்கின்றது. அக்கூந்தல் யாருடையதென்பதை மார்ட்டி ஒரு கடிதத்தில் வெளியிட்டபோது, சீமாட்டிக்கும் அவளது காதலனுக்கும் இடையே பிணக்கு மூள்கின்றது.

தமிழில் வழங்கும் ‘பொய்ம்முடி’ என்ற சொல் இவ்விடத்தில் நினைவுகூரத்தக்கது. அதிற் பொய் எங்கேயுள்ளது? முடி மெய்யான முடியே. மாவு தூவிய வெண்முடியைக் கண்டு அது அணிந்தவரின் சொந்த மயிரென்று பதினெட்டாம் நூற்றாண்டில் எவரும் மயங்கவில்லை. 1795இல் இங்கிலாந்தில் முடிமாவுக்கு ஆண்டொன்றுக்கு ஒரு கினி வரி விதிக்கப்பட்டபோது, அவ்வரியைச் செலுத்தியவர்களை ‘கினிப் பன்றி’ எனப் பகிரங்கமாகவே கேலிசெய்தனர். ஒளிப்பதற்கு எதுவும் இருக்கவில்லை. ஆகவே தோற்றத்திற் பொய்யில்லை; பிறப்பிடம் பற்றிய மௌனமே உண்டு. ‘பிறர்முடி’ என்றிருந்தால் உண்மைக்கு அண்மையதாயிருக்கும். பெண்கள் கூந்தலோடு சேர்த்து முடியும் ‘சவரி’ என்ற சொல்லோ வேறு வகையானது. அது கவரி என்னும் விலங்கின் பெயர்த் திரிபு; வள்ளுவர் மானமுடையோருக்கு உவமையாக்கிய அதே விலங்கு. மயிர் தந்த விலங்கை மொழி நினைவில் வைத்திருக்கின்றது. பின்னர் சவரிக்கு மயிர் தந்த பெண்களை அப்பெயரால் அறிய வழியில்லை.

விற்காமல் கொடுக்கப்பட்ட மயிரைப் பற்றி யாது கூறுவது? திருமலை வேங்கடேசுவரர் கோயிலில் அடியார்கள் இறக்கும் முடியைத் தேவஸ்தானம் ஏலத்தில் விற்கின்றது. அம்முடி உலகச் சந்தையிற் பொய்ம்முடியாகின்றது. மணமான யூதப் பெண்களுட் சமய ஒழுக்கம் பேணுவோர் தம் கூந்தலை மறைக்க அணியும் முடிகளிலும் அது கலந்திருந்தது. 2004ஆம் ஆண்டு மே மாதத்தில், எருசலேமைச் சேர்ந்த மூத்த யூத சமய அறிஞரான எல்யாசிவ், அது வேற்றுத் தெய்வத்துக்குப் படைக்கப்பட்ட பொருளாதலின் அணியத்தகாதது எனத் தீர்ப்பளித்தார். புரூக்லினிலும் இசுரேலிலும் விலையுயர்ந்த முடிகள் தெருவில் எரிக்கப்பட்டன. இங்கும் பிறர் தலை தீட்டாகவே நினைக்கப்பட்டது என்று கூறி முடித்துவிடலாம். ஆனால் அவ்வாறு முடித்தல் அவசரமாகும். அத்தீர்ப்புக்கு முன்னர் தூதர் ஒருவர் திருமலைக்கே சென்று அங்கு நிகழ்வதை நேரிற் கண்டார். முடி இறக்குபவர் என்ன எண்ணத்தோடு இறக்குகின்றார்? களைதலே வழிபாடா, அன்றிக் களைந்த முடி காணிக்கையா? நாவிதரின் எண்ணம் கணக்கிற் கொள்ளத்தக்கதா? இவ்வினாக்களே யூத அறிஞரின் விவாதமாயின. மயிர் தந்தவரின் உள்ளத்தில் இருந்தது அம்மயிரோடு சேர்ந்து கடல் கடந்து வருமென்று அவர்கள் நம்பினர். கான்றோ, கார்சோலோ, இலண்டன் முடிசெய்வோரோ அவ்வாறு நம்பியதாகத் தெரியவில்லை. மயிர் தந்தவரின் மனத்தைப் பொருட்படுத்தியவர்கள், அதன் காரணமாகவே அம்மயிரை எரிக்க நேர்ந்தது.

திருமலையில் ஏலம் அதன்பின்னும் தொடர்ந்தது. பின்னர் இணையவழிக்கு மாறியது. இறக்கிய முடியை உலர்த்திப் பல வகைகளாகப் பிரித்து அடுக்குகின்றனர். வகைகள் வேறுபடுவது முடியின் நீளத்தினால்.