கைதட்டல் கழுவாயாகுமா?

ஒருவரை இகழ்ந்து நகைத்துவிட்டு, பின்னர் அவரது திறமையைக் கண்டு கைதட்டினால், முன்செய்த பிழை நீங்கிவிடுமா? அன்றி, திறமை இருந்தமையாலன்றோ அவர் மதிப்புக்கு உரியவரானார் என்று அப்பிழையையே மேலும் உறுதிப்படுத்துகிறோமா? ஸ்காட்லாந்துப் பாடகி சூசன் பாயிலை நினைக்குந்தோறும் இவ்வினா நம்முன் எழுகிறது.

'பிரிட்டன்ஸ் காட் டேலன்ட்' என்னும் பிரிட்டானியத் தொலைக்காட்சித் திறன்போட்டியில், 2009 ஏப்ரல் 11 அன்று மக்கள் அவரைக் கண்டனர். கிளாஸ்கோ நகர அரங்கில் முன்பே பதிவுசெய்யப்பட்ட காட்சி அது. பிளாக்பர்ன் என்னும் சிற்றூரிலிருந்து வந்தவர், வயது 47, வேலையற்றவர், எளிய உடையினர், தலைமுடியும் படியாதிருந்தது. தொழில்முறைப் பாடகியாக விரும்புவதாக அவர் கூறியதும் அவையில் ஏளனம் எழுந்தது. விழியுருட்டி இகழ்ந்த இளம்பெண் ஒருத்தியின் முகத்தைப் படக்கருவி எடுத்துக் காட்டியது. பின்னர் அவர் பாடினார். 'லே மிசெரபிள்' இசை நாடகத்தில், உலகம் கைவிட்ட ஏழைப் பெண் ஃபான்டீன் தன் சிதைந்த கனவை எண்ணிப் பாடும் பாட்டு அது. சில நொடிகளில் நகைத்தவர்களே ஆரவாரித்தனர், எழுந்து நின்றனர். நடுவர் மூவரும் ஒருமனதாக அவரை ஏற்றனர். தொடக்கத்தில் அனைவரும் அவருக்கு எதிராகவே இருந்ததை அவர்களே வாய்விட்டு ஒப்புக்கொண்டனர்.

தோற்றத்தைக் கொண்டு ஆளை அளவிடலாகாது என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுமோ எனலாம். உண்மையே; ஆனால் பாதி உண்மை. அன்று அவர் சுருதி தவறிப் பாடியிருந்தால்? அந்நகைப்பு நியாயமாகியிருக்கும் அன்றோ!

இது வெறுங்கற்பனை வினா அன்று. இத்தகைய நிகழ்ச்சிகளில் நடுவர்முன் நிற்போரைத் தயாரிப்பாளர்கள் முன்னரே கேட்டுத் தெரிந்தெடுப்பது வழக்கம். நன்கு பாடுவோர் மட்டுமல்லர், பாட வாராதோரும் அறிந்தே மேடையேற்றப்படுவதுண்டு. அவர்கள் வந்தது பாட. அழைக்கப்பட்டதோ பிறர் சிரிக்க. அவர்களுக்கு யார் கழுவாய் செய்வது?

அரபு மொழியில் ஏளனத்தைக் குறிக்கும் 'சுக்ரிய்யா' என்ற சொல்லும், பிறரை அடக்கி ஊழியம் கொள்வதைக் குறிக்கும் 'தஸ்கீர்' என்ற சொல்லும் ஒரே வேரில் கிளைத்தவை. ஏளனம் செய்பவன் ஒருவனைத் தன் களிப்புக்குக் கூலியில்லா ஊழியனாக்குகிறான் என்னும் நுட்பத்தை அவ்வேரில் காண்கிறோம். நகைப்பின் நிலைக்களன்களை வகுத்த தொல்காப்பியமும் எள்ளலையே முதலில் வைத்தது.

மேடையேறியவர் மதிப்பீட்டுக்கு உட்பட்டவர்தாமே என்று சிலர் வினவலாம். ஆம், பாட்டை மதிப்பிடுவது நடுவர் கடமை. "பாட்டு நன்றாயில்லை" என்பது தீர்ப்பு, அதில் இழிவில்லை. பாடுமுன்னரே ஆளைப் பார்த்து நகைப்பது தீர்ப்பன்று. பாடிய பின்னரும் ஆளை நகைப்பது தீர்ப்பாகாது.

அவர் வாழ்வை நோக்குவோம். பிறப்பின்போது மூச்சுக்காற்றுக் குறைவால் மூளை ஊறுபட்டது என்று பெற்றோரிடம் கூறப்பட்டது. பள்ளியில் சக மாணவர்களின் கேலிக்கு ஆளானார். அவருக்கு இருப்பது அஸ்பெர்ஜர் என்னும் மனவியல்பு என்றும், அவரது அறிவாற்றல் சராசரிக்கு மேற்பட்டது என்றும் 2012ஆம் ஆண்டில்தான் தெரியவந்தது. அரை நூற்றாண்டுக் காலம் தவறான முத்திரையைச் சுமந்தார்! அவரது குரலும் 2009இல் பிறந்ததன்று. 1999இலேயே அறப்பணிக்கென வெளியான இசைத்தட்டு ஒன்றில் அவர் பாடியிருந்தார். 2007இல் தாய் மறையும்வரை உடனிருந்து பேணினார். அந்தப் பணிவிடைக்கு எந்த அவையும் எழுந்து நிற்கவில்லை.

கைதட்டலும் அவருக்கு எளிய சுமையாக இருக்கவில்லை. மே 30 அன்று நடந்த இறுதிப் போட்டியில் ஒரு நடனக் குழுவுக்கு அடுத்ததாக இரண்டாமிடம் பெற்றார். அதன்பின் மனச்சோர்வுற்று மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார். நவம்பரில் வெளியான முதல் இசைத்தொகுப்பு பிரிட்டனிலும் அமெரிக்காவிலும் விற்பனையில் முதலிடம் எய்தியது. வெற்றி உண்மைதான். ஆனால் அது அவரது உழைப்பின் பலன். நகைத்தவர்களின் கணக்கில் வரவு வைக்கத்தக்கதன்று.

பிறரைச் சொல்லி நாம் தப்பித்துக்கொள்வதற்கில்லை. கற்பிக்கும் பணியில், புதிதாக வந்த மாணவனின் கசங்கிய சட்டையையும் திக்கும் நாவையும் கண்டு, அவனுக்குக் கடைசி வரிசையைக் காட்டிய நாள்கள் நமக்கும் உண்டு. அவர்களுள் ஒருவன் பின்னாளில் முதன்மை பெற்றபோது, "அன்றே அறிந்தோம்" என்று பெருமை பேசினோம். முதன்மை பெறாத மற்றவர்களை நாம் நினைத்துக்கூடப் பார்க்கவில்லை. இன்று மனத்தை உறுத்துவது அவர்கள் முகங்களே.

ஆகவே, நம் இல்லங்களில் பிள்ளைகளுக்கு இக்காட்சியைக் காட்டினால், "பார், எவ்வளவு அருமையாகப் பாடினார்!" என்பதோடு நிறுத்திவிட வேண்டாம். அவர் வாய் திறக்கும் முன்னுள்ள கணத்தில் காட்சியை நிறுத்தி, "இவர் பாடத் தெரியாதவராயினும் நாம் இவரிடம் எவ்வாறு நடந்திருக்க வேண்டும்?" என்று கேட்போம். அவ்வினாவுக்குப் பிள்ளை தரும் விடையில்தான் நம் வளர்ப்பு விளங்கும்.