யாருக்கு அந்த நன்றி?

பிரெஞ்சு எழுத்தாளர் மோப்பசான் 1885-இல் வெளியிட்ட ‘பெல்-அமி’ நாவலில், அல்ஜீரியாவில் சிப்பாயாயிருந்து பாரிஸுக்கு வந்து கைச்செலவுக்கே திண்டாடிய ஜார்ஜ் துருவா, பத்திரிகைத் தொழிலாலும் ஸ்திரீகளின் தயவாலும் பெரிய மனிதர் கூட்டத்தில் ஏறிவிடுகிறான். அவனால் கைவிடப்பட்ட பத்திரிகை முதலாளியின் மனைவி, நள்ளிரவில் மெழுகுவத்தியுடன் சென்று, நீர்மேல் நடக்கும் கிறிஸ்துவின் சித்திரத்தை ஏறிட்டபோது, திருமுகத்தில் அந்த வஞ்சகனின் சாயலையே கண்டு மூர்ச்சையாகிறாள். பக்தியில் ஆசைக்கு எத்தனை பங்கு என்று இதைவிடக் குரூரமாகக் கேட்டவர் சிலரே. அவள் மகளையே மாதலேன் தேவாலயத்தில் மணந்து, பிஷப்பின் உபதேசத்தில் உருகும் துருவாவோ, யாருக்கென்று தனக்கே தெளியாமல் தெய்வத்துக்கு நன்றி செலுத்துகிறான். துஷ்டன் செழிப்பதேன் என்று விவிலியத்து யோபு காலந்தொட்டுக் கேட்டு வருகிறார்கள். அவன் மனப்பூர்வமாகவே வந்தனமும் சொன்னால் என்ன செய்வது என்பதற்குச் சாஸ்திரிகளிடம் பதில் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.