ஷூபர்ட் பாடம் கேட்கப் போன நாள்

1828 நவம்பர் 4. வியன்னாவில் ஃபிரான்ஸ் ஷூபர்ட், ஸைமன் ஸெக்டர் என்ற ஆசிரியரிடம் கவுன்டர்பாயிண்ட் பாடம் கேட்கப் போனார். இரண்டு மூன்று மெட்டுகளை ஒரே நேரத்தில் தனித்தனியே நடக்கவிட்டு, அவை ஒன்றோடொன்று இசைந்து வரும்படி எழுதும் வித்தை அது. பாடம் கேட்கப் போனவருக்கு வயது 31. அதற்குள் 600க்கும் மேற்பட்ட பாடல்களை எழுதியிருந்தார். சிம்பனிகள், குவார்டெட்கள், பியானோ சொனாட்டாக்கள் வேறு. பதினைந்து நாள் கழித்து, நவம்பர் 19 அன்று, இறந்துபோனார்.

பாடம் கேட்கப் போன அந்தத் தேதி கொஞ்ச காலமாக என்னை விடாமல் இருக்கிறது. அவரைப் பற்றி எதைப் படித்தாலும் இதை மனதில் வைத்தே படிக்கிறேன்.

*

ஷூபர்ட்டின் அப்பா பள்ளிக்கூடம் நடத்தியவர். வீட்டில் பிறந்த குழந்தைகள் 14, பிழைத்தவை 5. ஃபிரான்ஸ் பன்னிரண்டாவது. நல்ல குரல் இருந்ததால் அரண்மனை ஆலயத்தில் பாடும் சிறுவர்களோடு சேர்த்துக்கொண்டார்கள். இசையமைப்பாளர் ஸலியேரியிடம் பயிற்சி. பிறகு அப்பாவின் பள்ளியிலேயே சின்னப் பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்கும் வேலை. அந்த வேலையில் இருந்தபோதுதான், 1815இல், கதேயின் 'எர்ல்கோனிக்' கவிதைக்கு மெட்டமைத்தார். பதினெட்டு வயது.

இரவில் நோயுற்ற மகனை அணைத்தபடி குதிரையில் விரையும் தகப்பன். மகனைத் தன்னோடு வரச்சொல்லி அழைக்கும் மாய அரசன். கதைசொல்லி, தகப்பன், மகன், மாய அரசன் என்று நான்கு பேரையும் ஒரே பாடகர் பாடவேண்டும். பியானோக்காரரின் வலது கை ஒரே சுரத்தைக் குதிரைக் குளம்பின் வேகத்தில் அடித்துக்கொண்டே இருக்கும்; கை வலிக்கும். மகன் அலறும்போதெல்லாம் சுருதி ஒரு படி மேலேறுகிறது. அந்த வயதில் பயத்தை இவ்வளவு துல்லியமாக எப்படி அளந்தார் என்று ஒவ்வொரு முறையும் வியக்கிறேன்.

1816இல் ஷூபர்ட்டின் நண்பர் ஒருவர் இந்தப் பாடலையும் வேறு சிலவற்றையும் கதேக்கு அனுப்பிவைத்தார். ஒரு வரி பதில்கூட இல்லாமல் கட்டு திரும்பி வந்தது.

*

ஷூபர்ட் உயிரோடு இருக்கும்வரை மேடையேறாதவற்றை எண்ணிப் பார்க்கிறேன்.

பி மைனர் சிம்பனி. 1822இல் இரண்டு பகுதிகளை முடித்து, மூன்றாவதைத் தொடங்கி விட்டுவிட்டார். கையெழுத்துப் பிரதி நண்பர் அன்செல்ம் ஹூட்டன்பிரென்னரிடம் போய்ச் சேர்ந்தது. 1865 டிசம்பரில்தான் வியன்னாவில் அது முதன்முதலாக ஒலித்தது. இன்று உலகம் முழுக்க 'முற்றுப்பெறாத சிம்பனி' என்று அறியப்படுவது இதுதான்.

சி மேஜர் சிம்பனி. வாசிக்கக் கடினம் என்று ஒதுக்கப்பட்டது. அவர் இறந்து பத்து ஆண்டுகளுக்குப் பிறகு இசையமைப்பாளர் ராபர்ட் ஷூமான் வியன்னா வந்தபோது, ஷூபர்ட்டின் அண்ணன் ஃபெர்டினாண்ட் தன்னிடமிருந்த காகிதக் கட்டுகளை எடுத்துக் காட்டினார். அவற்றில் இதுவும் இருந்தது. ஷூமான் அதை லைப்ஸிக் நகருக்கு அனுப்ப ஏற்பாடு செய்ய, 1839 மார்ச் 21 அன்று மெண்டல்ஸன் அங்கே அதை நடத்திக் காட்டினார். இந்த இடத்தில் ஃபெர்டினாண்டை நினைத்துக்கொள்ளவேண்டும். அவரும் பள்ளி ஆசிரியர்தான். தம்பியின் காகிதங்களைப் பத்திரமாக வைத்திருந்தார்; கேட்டு வந்தவரிடம் எடுத்துக் கொடுத்தார். இசை வரலாறு அவருக்குப் பட்டிருக்கும் கடன் பெரிது.

*

தன் படைப்புகள் மட்டுமே இடம்பெற்ற பொதுக் கச்சேரி ஒன்றே ஒன்றைத்தான் ஷூபர்ட் வாழ்நாளில் நடத்தினார். 1828 மார்ச் 26. பீத்தோவன் இறந்து சரியாக ஓராண்டு நிறைந்த நாள். அரங்கம் நிறைந்தது, கையில் கொஞ்சம் பணமும் வந்தது. மூன்று நாள் கழித்து வயலின் மேதை பகனினியின் முதல் வியன்னா கச்சேரி. பத்திரிகைகளுக்கு அதன்பிறகு வேறு பேச்சே இல்லை.

*

அந்த ஆண்டு செப்டம்பர் தொடக்கத்தில் ஷூபர்ட் ஃபெர்டினாண்டின் வீட்டுக்குக் குடிபோனார். செப்டம்பர் 26க்குள் மூன்று பெரிய பியானோ சொனாட்டாக்கள் முடிந்திருந்தன. கூடவே சி மேஜர் தந்திக் குவின்டெட்.

குவின்டெட்டுக்கு மோட்ஸார்ட் இரண்டு வயோலா வைத்தார். ஷூபர்ட் இரண்டு செல்லோ வைத்தார். அதனால் அடிப்புறம் கனக்கிறது, நடுவில் இடம் திறக்கிறது. இரண்டாம் பகுதியில், நடுவிலுள்ள மூன்று வாத்தியங்கள் அசைகிறதா இல்லையா என்று தெரியாத நிதானத்தில் ஒரு நீண்ட மெட்டைக் கொண்டுபோகின்றன. மேலே முதல் வயலின் அங்கொன்றும் இங்கொன்றுமாகச் சில சுரங்களை உதிர்க்கிறது. கீழே இரண்டாவது செல்லோ வில்லை விட்டுவிட்டு விரலால் தந்தியைச் சுண்டுகிறது. பல நிமிடங்களுக்கு இவ்வளவுதான் நடக்கிறது. ஆலாபனை கேட்டுப் பழகிய காதுக்கு இந்த நிதானம் அந்நியமில்லை. பிறகு எந்த முன்னறிவிப்பும் இன்றி எஃப் மைனருக்குத் தாவி, ஐந்து வாத்தியங்களும் கொந்தளிக்கின்றன. அது அடங்கிப் பழைய மெட்டு திரும்பும்போது, கீழே இரண்டாவது செல்லோ சும்மா இருப்பதில்லை. கொந்தளிப்பின் மிச்சம் அதன் கையில் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. முழுச் சமாதானம் ஆகாத அந்தத் திரும்புதலை நான் மிகவும் நம்புகிறேன்.

மேடையில் இது முதன்முதலாக வாசிக்கப்பட்டது 1850இல்.

*

இந்தக் கடைசிக் காலப் படைப்புகளையெல்லாம் விடைபெறும் இசை என்று சொல்வது வழக்கமாகிவிட்டது. சாவு நெருங்குவதை உணர்ந்து எழுதினார் என்பார்கள். எனக்கு இதில் உடன்பாடில்லை.

நோயை அவர் அறிந்திருந்தார், உண்மைதான். 1822 இறுதியிலோ அதையொட்டியோ வந்த சிஃபிலிஸ் அவரை விடவே இல்லை. 1824 மார்ச் 31 அன்று ஓவியர் குபெல்வீஸருக்கு எழுதிய கடிதத்தில், இனி உடம்பு தேறப்போவதில்லை, தன்னைவிடத் துயரப்பட்டவன் உலகில் இல்லை என்கிற பொருளில் புலம்புகிறார். எல்லோரும் எடுத்துக்காட்டும் கடிதம் அது. அதன் பின்பகுதியை எடுத்துக்காட்டுபவர்கள் குறைவு. அதில், இரண்டு குவார்டெட்டும் ஒரு ஆக்டெட்டும் முடித்துவிட்டேன், இன்னொரு குவார்டெட் எழுதப்போகிறேன், இப்படியே பெரிய சிம்பனிக்கு வழி போட்டுக்கொள்வேன் என்கிறார். ஒரே கடிதம், ஒரே கை.

1828 அக்டோபர் 2 அன்று லைப்ஸிக் பதிப்பாளர் ப்ரோப்ஸ்டுக்கு எழுதியது வியாபாரக் கடிதம். மூன்று சொனாட்டா இருக்கிறது, ஹைனவின் கவிதைகளுக்கு எழுதிய பாடல்கள் இருக்கின்றன, குவின்டெட் இருக்கிறது, எது வேண்டும் என்கிறார். நவம்பர் 4 பாடத்துக்குப் பிறகு ஸெக்டரிடம் மேற்கொண்டும் படிக்க ஏற்பாடாகியிருந்தது. நவம்பர் 12 அன்று நண்பர் ஷோபருக்கு எழுதியதுதான் கைக்குக் கிடைத்திருக்கும் கடைசிக் கடிதம். பதினொரு நாளாக எதுவும் சாப்பிடவில்லை, குடிக்கவில்லை என்று சொல்லிவிட்டு, ஃபெனிமோர் கூப்பரின் நாவல்களில் இன்னும் படிக்காதது ஏதாவது இருந்தால் அனுப்பிவை என்று கேட்கிறார். தன் 'வின்டர்ரைஸ' பாடல் தொகுப்பின் இரண்டாம் பாகத்துக்கு அச்சுப்பிழை திருத்தியதும் அந்தப் படுக்கையில்தான்.

புதிதாகக் கற்றுக்கொள்ளவும், விற்கவும், படிக்கவும், பிழை திருத்தவும் நினைத்த மனிதர் இவர். கடைசி நாட்களின் இருட்டைக் கொண்டுவந்து அந்தச் செப்டம்பர் மாத வேலையின்மேல் போர்த்துவது அவருக்குச் செய்யும் அநீதி.

*

கடைசி சொனாட்டா, பி ஃபிளாட் மேஜர். முதல் மெட்டு மிக மெல்லிய ஒலியில் தொடங்குகிறது. ஒரு வாக்கியம் முடிந்ததும், பியானோவின் இடக்கோடியில் அடங்கிய அதிர்வு ஒன்று. மௌனம். மறுபடி அதே மெட்டு. இந்த அதிர்வு வரும்போதெல்லாம் மெதுவாகவே வருகிறது. முதல் பகுதியின் தொடக்கத்துக்குத் திரும்பப் போகும் ஒரு இடத்தில் மட்டும் உரத்து இடிக்கிறது. நேரம் கருதி அந்தத் திரும்பலை விட்டுவிடும் பெரிய கலைஞர்களும் உண்டு. விடக்கூடாது என்பது என் கருத்து. அந்த ஒரு இடி இல்லாவிட்டால் மற்ற மெல்லிய அதிர்வுகளுக்குள் என்ன இருந்தது என்பது தெரியாமலே போகும்.

ஷூபர்ட்டைப் புதிதாகக் கேட்கப் போகிறவர்களிடம் ஒரு வேண்டுகோள். வாழ்க்கை வரலாற்றைப் பிறகு படித்துக்கொள்ளலாம். முதலில் 'எர்ல்கோனிக்'கைக் கேளுங்கள், நான்கு நிமிடம்தான். அடுத்து குவின்டெட்டின் இரண்டாம் பகுதி. அது பிடித்திருந்தால், இந்த சொனாட்டாவை, திரும்பலை விடாமல் வாசித்த ஒரு பதிவாகப் பார்த்து, நடுவில் நிறுத்தாமல் முழுதாகக் கேளுங்கள். முக்கால் மணி நேரம் ஆகலாம்.