பிரிந்து போன குரல்

சென்ற மாதம் ஒரு மாலையில் நண்பர் ஒருவர் வீட்டில் அயர்லாந்து நாட்டுப் பாட்டு ஒன்றைக் கேட்டுக்கொண்டிருந்தோம். பாடியவர்கள் 'கிளானட்' குழுவினர். எல்லோரும் ஒரே குடும்பத்தார் என்றும், தங்கை ஒருத்தி மட்டும் இரண்டே ஆண்டுகள் உடன் இருந்துவிட்டுப் பிரிந்து போனாள் என்றும் சொன்னேன்.

"நன்றி கெட்ட பெண்! பாட்டைக் கொடுத்த வீட்டையே உதறிவிட்டாளே!" என்றார் நண்பர்.

நான் ஒன்றும் பேசவில்லை. ஆனால் கதை எழுதுகிறவனுக்கு ஒரு பழக்கம் உண்டு. ஊரார் யாரைக் குற்றவாளி என்கிறார்களோ, அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்து பார்ப்பான். நானும் பார்த்தேன்.

அயர்லாந்தின் வடமேற்கு மூலையில், டொனகால் பகுதியில், குவீடோர் என்ற கடலோர ஊர்ப்புறம் இருக்கிறது. ஐரிஷ் மொழி இன்னும் வீட்டு மொழியாக வாழும் சில இடங்களுள் அதுவும் ஒன்று. 1845-இல் தொடங்கிய பெரும் பஞ்சத்தில் அந்த நாட்டில் சுமார் பத்து இலட்சம் பேர் மாண்டார்கள். இன்னும் எத்தனையோ பேர் கப்பலேறிப் போனார்கள். அவர்களில் பலர் ஐரிஷ் பேசிய ஏழைகள். அதற்குப் பிறகு மொழி சுருங்கிச் சுருங்கி, இப்படிப்பட்ட ஓரங்களில் ஒண்டிக்கொண்டது. பழைய பாட்டுக்களும் அப்படியே.

அந்த ஊர்ப்புறத்தில் லியோ பிரெனன் நடன இசைக்குழு நடத்தினார். 1968-இல் ஒரு மதுச்சாலையும் திறந்தார். அவர் மனைவி இசை ஆசிரியை. மாதா கோவிலில் பாடகர் குழுவை நடத்தியவர். அவர்கள் மக்களில் மோயா, கியரான், போல் மூவரும், தாயின் இரட்டைத் தம்பிகளான நோயல், பாட்ரிக் இருவரும் 1970-இல் சேர்ந்து குழு அமைத்தார்கள். 1980-இல் இன்னொரு மகள் என்யா சேர்ந்தாள். 1982-இல் விலகிவிட்டாள். அதே ஆண்டு, அவள் இல்லாமல், ஒரு தொலைக்காட்சி நாடகத்துக்காக மற்றவர்கள் ஐரிஷ் மொழியில் பாடிய பாட்டு பிரிட்டனில் விற்பனை வரிசையில் 5-ஆம் இடத்தைப் பிடித்தது. 1988-இல் அவளுடைய பாட்டு அதே வரிசையில் முதலிடம் பெற்றது.

இரண்டு தரப்பும் வென்றுவிட்டதால் பிரிந்தது சரிதான் என்று சொல்லிவிடலாமா? கூடாது. இருவரும் தோற்றிருந்தாலும் கேள்வி அதேதான். வீடு கற்றுக்கொடுத்த கலை கடனா, கொடையா?

கடன் என்றால் ஒன்றை யோசிக்க வேண்டும். தந்தை நடன இசைக்காரர். பிள்ளைகளோ அக்கம்பக்கத்து முதியவர்களிடம் போய்ப் பழைய பாட்டுக்களைத் தேடிச் சேர்த்தார்கள். தந்தை வாசித்ததையே திருப்பி வாசிப்பதுதான் பிள்ளைகளின் கடமை என்று அந்த வீடு நினைத்திருந்தால், கிளானட் என்ற குழுவே பிறந்திராது. தமக்கு வேண்டியதைத் தேர்ந்துகொண்ட பிள்ளைகள் அவர்கள். அந்த உரிமை தங்கைக்கு மட்டும் இல்லையா?

ஆனாலும் நண்பர் பக்கத்திலும் நியாயம் உண்டு. ஆயிரம் பேர் பாடும் பாட்டை ஒருவர் விட்டால் குறைவில்லை. பத்துப் பேர் பாடும் பாட்டை ஒருவர் விட்டால்? இழப்புத்தான். அதை நான் மறுக்கவில்லை. ஆனால் கட்டிப் போட்டுப் பாட வைத்த பாட்டைக் கேட்டு, எந்தக் குழந்தைக்குத் தானும் பாட வேண்டும் என்று ஆசை வரும்? அது அந்தத் தலைமுறையோடு நின்றுவிடும். விட்டுக்கொடுத்ததால் அந்த வீட்டில் பாட்டு நிற்கவில்லை. தனியே போனவளின் 1988 இசைத்தட்டிலும் ஐரிஷ் பாட்டு இருக்கிறது. இன்னொன்றும் சொல்ல வேண்டும். அவள் தன் ஒரே குரலைப் பலமுறை பதிவு செய்து, ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, ஒரு கூட்டமே பாடுவதுபோல ஆக்குகிறாள். அதைக் கேட்கும்போதெல்லாம், அம்மாவின் பாடகர் குழுவை அவள் கூடவே எடுத்துப் போயிருக்கிறாள் என்று எனக்குத் தோன்றும்.

பின்னால் அண்ணன் போலும் குழுவை விட்டுப் போனார். 2011-இல் திரும்பி வந்தபோது அவர் இடம் அவருக்குக் காத்திருந்தது. மாமன்மாரில் பாட்ரிக் 2016-இலும், நோயல் 2022-இலும் காலமானார்கள். எஞ்சியவர்கள் 2023-இல் விடைபெறும் கச்சேரிகளை முடித்தார்கள். போவதற்கும் வருவதற்கும் கதவைத் திறந்து வைத்திருந்த குடும்பம் ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் பாடியிருக்கிறது.

அன்றிரவு வீடு திரும்பும்போதுதான் எனக்கு ஒன்று நினைவுக்கு வந்தது. நண்பருக்குச் சொந்தமாக ஒரு அச்சகம் உண்டு. நான்கு பிள்ளைகளும் அதில்தான் வேலை செய்தார்கள். கடைசிப் பையன் வேறு வேலை தேடி வெளியூர் போய் ஆறு மாதம் ஆகிறது. அவன் எழுதிய கடிதத்துக்கு அவர் இன்னும் பதில் போடவில்லை.

அவர் வைதது அயர்லாந்துப் பெண்ணை அல்ல. இந்தக் கட்டுரை அச்சானதும் முதல் பிரதியை அவருக்குத்தான் அனுப்பப் போகிறேன்.