கொலையுண்டவர் யார்?

லட்சுமிகாந்தன் கொலை வழக்கு என்றவுடன் நம் நினைவில் எழும் முகம் எம்.கே. தியாகராஜ பாகவதருடையது, அடுத்து கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனுடையது. கொலையுண்டவரின் முகம் எழுவதில்லை. ஒடுகத்தூரில் வெள்ளிக்கிழமை ஆட்டுச் சந்தை கலைந்தபின், தேநீர்க் கடையில் பழைய படங்களைப் பற்றிப் பேச்சு வந்தால், 'ஹரிதாஸ்' மூன்று தீபாவளிகளைக் கண்ட பெருமையும் பாகவதர் சிறை சென்ற சோகமும் விரிவாகச் சொல்லப்படும். மாண்டவருக்கு ஒரே வாக்கியம்தான்: "அவன் மஞ்சள் பத்திரிகைக்காரன்."

அந்த வாக்கியத்தோடு அவர் கணக்கை முடித்துவிடுவது நியாயமா?

சி.என். லட்சுமிகாந்தன் 'சினிமா தூது' என்ற ஏட்டை நடத்தினார். கலைஞர்களின் அந்தரங்கமே அதன் சரக்கு. பாதிக்கப்பட்டோர் கவர்னரிடம் முறையிட, அதன் உரிமம் ரத்தாயிற்று. பின்னர் 'இந்து நேசன்' வந்தது. 1944 நவம்பர் 8 அன்று சென்னை வேப்பேரியில் ரிக்ஷாவில் சென்றவரைக் கத்தியால் குத்தினார்கள். மறுநாள் மருத்துவமனையில் உயிர் பிரிந்தது. பாகவதருக்கும் கலைவாணருக்கும் 1945இல் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. மேல்முறையீட்டை மீண்டும் விசாரிக்குமாறு லண்டன் பிரிவி கவுன்சில் திருப்பியனுப்ப, சென்னை உயர்நீதிமன்றத்தில் நீதிபதிகள் ஹாப்பெல், ஷஹாபுத்தீன் இருவரும் 1947இல் அவர்களை விடுதலை செய்தனர். ஆயினும் அக்கொலையின் மர்மம் முற்றும் விலகியதாக எவரும் சொல்வதில்லை.

லட்சுமிகாந்தன் செய்தது பெரும் பாவம். அதில் எனக்கு ஐயமில்லை. "உண்மையைத்தானே எழுதினார்?" என்று வாதிடவும் இடமில்லை. ஒருவரிடம் உள்ள குறையைச் சொன்னால் அது புறம், இல்லாததைச் சொன்னால் அவதூறு என்றே நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் விளக்கியிருக்கிறார்கள். ஆனால் அந்த ஏட்டைக் காசு கொடுத்து வாங்கி, திண்ணையில் உரக்கப் படித்து, கைமாற்றிக் கொண்டவர்கள் எத்தனை பேர்! அவர்கள் பெயர் எந்த வழக்கிலும் ஏறவில்லை. (இன்று கைப்பேசியில் வந்ததை அப்படியே பிறருக்கு அனுப்பும் நாமும் அவர்களின் வாரிசுகளே.)

ஓர் உயிரை அநியாயமாகக் கொல்வதை மனித குலம் முழுவதையும் கொன்றதற்கு ஒப்பாக்கிய திருமறை, அந்த உயிருக்கு நன்னடத்தைச் சான்றிதழ் கேட்கவில்லை. நாம் கேட்கிறோம். நல்லவர் கொல்லப்பட்டால் கொலைகாரனைத் தேடுகிறோம். பிடிக்காதவர் கொல்லப்பட்டால் காரணத்தைத் தேடுகிறோம். காரணம் கிடைத்துவிட்டால் நெஞ்சு ஆறிவிடுகிறது. பிறர் மானத்தை இரண்டு வரியில் விற்றவரை நாமும் இரண்டு சொல்லில் விற்றுவிடுகிறோம். அவர் செய்த தொழிலை அவர்மீதே நடத்துகிறோம் என்பது நமக்கு உறைப்பதில்லை.

பாகவதருக்கும் இதே கதிதான். ஏறத்தாழ முப்பது மாதங்கள் சிறையில் கழித்து, குற்றமற்றவரென வெளிவந்தார். கலைவாணர் மீண்டும் புகழடைந்தார். பாகவதரின் படங்களோ முன்போல் ஓடவில்லை. 1959இல் மறையும்வரை பழைய நிலை திரும்பவில்லை. நீதிமன்றம் விடுவித்த பின்னரும், "நெருப்பில்லாமல் புகையுமா?" என்று கேட்டவர்கள் இருந்தார்கள். அந்தக் கேள்வியைத்தான் 'இந்து நேசன்' வாரந்தோறும் கேட்டுக்கொண்டிருந்தது.