கப்பித்தான் சாமியானது ஏன்?

ஊரை நிர்வகித்த ஒரு மனிதனைத் தெய்வமாக வணங்கலாமா? கோலாலம்பூரில் நம் மகாமாரியம்மன் கோயில் இருக்கும் அதே ஜாலான் துன் எச். எஸ். லீ வட்டாரத்தில், பெட்டாலிங் ஸ்திரீட்டுக்கு அருகே, 1864-இல் நிறுவப்பட்ட சின் சே சி யா கோயில் இந்தக் கேள்வியை எழுப்புகிறது. அங்கே மூலவராக வீற்றிருக்கும் சின் சே யா ஒரு காலத்தில் ஷின் காப் என்ற மனிதர். இன்றைய சிரம்பான் பகுதியான சுங்கை ஊஜோங்கில் சீனக் கப்பித்தானாக, அதாவது அங்குள்ள சீனர்களின் தலைவராக, இருந்தவர். 1860-இல் அங்கே மூண்ட சண்டையில் பிடிபட்டுக் கொல்லப்பட்டார். வெட்டுண்ட கழுத்திலிருந்து வெள்ளை இரத்தம் பெருகியது என்பது பக்தர்களின் நம்பிக்கை. கப்பித்தான் என்பது வெறும் பட்டமல்ல. வரி, வழக்கு, காவல், கடன் தகராறு என்று தன் மக்களின் எல்லாப் பொறுப்பும் அவர் தலையில்தான். இப்படிப்பட்டவரை வணங்குவது அதிகாரத்தை வணங்குவதாகாது, அதிகாரத்தின் மேல் ஒரு கண்ணை நிறுத்திவைப்பதே என்பது என் கருத்து.

சீன மரபு இதற்குச் சான்று தருகிறது. அங்கே ஒவ்வொரு நகருக்கும் ஒரு நகரத் தெய்வம் உண்டு. பல ஊர்களில் அது நேர்மையாக வாழ்ந்து மறைந்த ஓர் அதிகாரிதான். 1369-இல் மிங் பேரரசர் ஹோங்வு அந்தத் தெய்வங்களுக்குப் பதவி வரிசையே வகுத்தார். புதிதாகப் பொறுப்பேற்க வரும் அதிகாரி அந்தச் சந்நிதியில் உறுதிமொழி சொல்வது வழக்கமாக இருந்தது. லஞ்சம் வாங்கினால் மேலதிகாரியை ஏமாற்றிவிடலாம், அந்தக் கண்களை ஏமாற்ற முடியாது. நமக்கும் இது அந்நியமல்ல. போரில் விழுந்தவனுக்கு நடுகல் நட்டோம். மாறுகை மாறுகால் வாங்கப்பட்ட மதுரை வீரனும் கழுவேறிய காத்தவராயனும் நம் காவல் தெய்வங்கள். தண்டித்த அரசர்களுக்கு நாம் படையல் போடுவதில்லை.

இங்கே வலுவான ஒரு மறுப்பு எழுகிறது. கோயிலை எழுப்பியவர் யாப் ஆ லோய். ஷின் காப்பின் கீழ் போரிட்டவர், 1868 முதல் 1885-இல் இறக்கும்வரை கோலாலம்பூரின் கப்பித்தான். சிலாங்கூர் உள்நாட்டுப் போரில் தன் வெற்றிகளுக்கு இந்தச் சாமியின் துணையே காரணம் என்றார். அபினி, சூதாட்டக் குத்தகைகளும் அவர் செல்வத்துக்கு ஊற்றாக இருந்தன. அப்படியானால் இது அரசியல் ஆதாயத்துக்காக எழுந்த சந்நிதிதானே? ஆதாயம் இருந்தது, மறைப்பதற்கில்லை. இன்னும் சங்கடமான ஒன்று, யாப் ஆ லோயும் அதே கோயிலில் வணங்கப்படுகிறார் என்பது. ஆனால் மூலத்தானத்தை அவர் பெறவில்லை. வென்றவர், சிதைந்த நகரைத் திரும்பக் கட்டியவர், பக்கச் சந்நிதியில் நிற்கிறார். நடுவில் இருப்பவர் தோற்றுக் கொல்லப்பட்டவர். எந்த நோக்கத்தில் எழுந்திருந்தாலும், கட்டியவரே தலைகுனிந்து நிற்க வேண்டிய இடமாக அது ஆகிவிட்டது.

மனிதனை இறைவனாக்குவது தத்துவப் பிழை என்று சைவரும் சொல்லலாம், இஸ்லாமியரும் சொல்லலாம். பரம்பொருளைப் பற்றிய பேச்சென்றால் அவர்கள் சொல்வது சரியே. ஆனால் சின் சே யாவை உலகைப் படைத்தவர் என்று யாரும் கருதுவதில்லை. அவர் ஒரு வட்டாரத்தின் சாமி. பிழைப்பு, நோய், வழக்கு என்று அவரிடம் கொண்டுவரப்படும் குறைகளும் ஒரு கப்பித்தானிடம் சொல்லத்தக்கவையே. 1890-இல் கோலாலம்பூருக்குச் சுகாதார வாரியம் வந்தது. தெருவும் சாக்கடையும் அதன் கைக்குப் போயின. நகரின் கடைசிக் கப்பித்தான் யாப் குவான் செங்கோடு 1902-இல் அந்தப் பதவியும் முடிந்தது. முறையிடும் பழக்கம் மட்டும் முடியவில்லை. வாரியத்திடம் மனு கொடுக்கலாம். மனுவைத் தள்ளுபடி செய்தவர்மேல் யாரிடம் முறையிடுவது? சுற்றியுள்ள தெருக்களும் கடைகளும் நேர்கோட்டில் நிற்க, சீன வாஸ்துப்படி திசை பார்த்துக் கட்டிய அந்தக் கோயில் மட்டும் இன்றும் சாலைக்குக் கோணலாகவே திரும்பி நிற்கிறது.