நம் பக்கத்துக் குற்றம்

2003 மார்ச் 10ஆம் தேதி, மேற்கு ஆப்பிரிக்க நாடான சியரா லியோனின் உள்துறை அமைச்சர் சாமுவேல் ஹிங்கா நார்மன் தலைநகர் ஃப்ரீடவுனில் தம் அலுவலகத்தில் வைத்தே கைது செய்யப்பட்டார். கைது செய்யச் சொன்னது ஐ.நா.வும் சியரா லியோன் அரசும் சேர்ந்து அமைத்த சிறப்பு நீதிமன்றம். நாட்டின் தென்பகுதி மெண்டே மக்களில் பலருக்கு இந்தச் செய்தி செரிக்கவில்லை. அவர்களைப் பொறுத்தவரை நார்மன் ஊரைக் காத்தவர். நீதிமன்றத்தின் முதல் சுற்றுக் குற்றப்பட்டியலில் அவர் பெயருக்குப் பக்கத்திலேயே அந்த ஊர்களை எரித்த கிளர்ச்சிப் படையின் தலைவர் ஃபோடே சங்கோவின் பெயரும் இருந்தது. கொளுத்த வந்தவனுக்கும் தடுக்க நின்றவனுக்கும் ஒரே சட்டமா என்று அவர்கள் கேட்டார்கள்.

உணர்ச்சிவசப்பட்ட கேள்விதான். ஆனால் அப்படிச் சொல்லி ஒதுக்கிவிட முடியாது. உள்நாட்டுப் போர் நடந்த எந்த நாட்டிலும் இந்தக் கேள்வி எழாமல் இருந்ததில்லை. சியரா லியோனில் அது நீதிமன்றம் வரை போய், நீதிபதிகளையே இரண்டாகப் பிரித்தது.

1991 மார்ச்சில் லைபீரிய எல்லையைத் தாண்டி வந்த சங்கோவின் புரட்சிகர ஐக்கிய முன்னணி, வைர வயல்களைப் பிடித்து அந்த வருமானத்தில் போரை வளர்த்தது. சிறுவர்களைக் கடத்திப் படையில் சேர்த்தது. 1996 தேர்தலையொட்டி, வாக்களிக்கும் கை இருக்கக் கூடாது என்று மக்களின் கைகளை வெட்டியது. அரைக்கை வேண்டுமா முழுக்கை வேண்டுமா என்று, சட்டை தைக்க அளவு கேட்பதுபோலக் கேட்டுவிட்டு வெட்டியதாக உயிர் தப்பியவர்கள் சாட்சி சொன்னார்கள். 1999 ஜனவரியில் தலைநகருக்குள் புகுந்தபோது நடந்த கொலைகளும் வன்புணர்வுகளும் உலகமே அறிந்தவை. 2002இல் போர் முடியும்போது குறைந்தது 50,000 பேர் இறந்திருந்தார்கள் என்பது பொதுவான மதிப்பீடு.

மக்களைக் காக்க வேண்டிய அரசு ராணுவத்தின் லட்சணமோ வேறு. பகலில் சிப்பாய், இரவில் கிளர்ச்சிக்காரன். சோல்ஜர், ரெபெல் என்ற இரண்டு ஆங்கிலச் சொற்களை ஒட்டி ‘சோபெல்’ என்று மக்களே அதற்குப் பெயர் வைத்தார்கள். ராணுவத்தையும் நம்ப வழியில்லாதபோதுதான் ஊர்கள் தங்கள் வேட்டைக்காரர்களான காமஜோர்களிடம் போயின. சடங்கு செய்து தீட்சை பெற்றவனைத் துப்பாக்கிக் குண்டு துளைக்காது என்பது அவர்கள் நம்பிக்கை. தீட்சை கொடுத்தவர்களில் பெரியவர் அலியு கொண்டேவா. போர் இயக்குநர் மோயினினா ஃபோஃபானா. எல்லாருக்கும் மேலே ஒருங்கிணைப்பாளராக நார்மன். 1997 மே மாதம் ராணுவத்தின் ஒரு பிரிவு ஆட்சியைக் கவிழ்த்து, கிளர்ச்சியாளர்களையும் ஆட்சியில் பங்குசேர அழைத்தது. தேர்ந்தெடுக்கப்பட்ட அதிபர் அஹ்மத் தேஜான் கப்பா கினிக்கு ஓடினார். அவரை மறுபடி நாற்காலியில் உட்கார வைக்க உள்நாட்டில் நின்று போராடிய படை காமஜோர்களின் குடிமைப் பாதுகாப்புப் படை. காரணம் நியாயமானது. இதில் யாருக்கும் பெரிய சந்தேகம் இல்லை.

ஆனால் அதே படை டோங்கோ வைர நகரத்திலும் கோரிபொண்டோவிலும் போ, போந்தே மாவட்டங்களிலும் செய்த காரியங்கள் விசாரணையில் ஒவ்வொன்றாக வந்தன. கிளர்ச்சியாளர்கள் ஆண்ட காலத்தில் ஊரைவிட்டு ஓடாமல் இருந்தவர்களுக்குக் ‘கூட்டாளி’ என்று பட்டம் கட்டிக் கொன்றார்கள். ஓடுவதற்கு வழியோ வண்டிக்காசோ இல்லாமல் இருந்துவிட்டவர்களும் அதில் உண்டு. வேலைக்கு வந்தார்கள் என்பதற்காகப் போலீஸ்காரர்களைக் கொன்றார்கள். வீடுகளைச் சூறையாடினார்கள், எரித்தார்கள். பதினைந்து வயது நிரம்பாத பிள்ளைகளும் அந்தப் படையில் இருந்தார்கள்.

தீர்ப்பு வருமுன்பே, 2007 பிப்ரவரியில், அறுவை சிகிச்சைக்காக செனகல் கொண்டுபோன இடத்தில் நார்மன் இறந்துபோனார். அந்த ஆண்டு ஆகஸ்டில் மூன்று நீதிபதிகளில் இருவர் ஃபோஃபானாவையும் கொண்டேவாவையும் குற்றவாளிகள் என்றார்கள். மூன்றாமவர், சியரா லியோனைச் சேர்ந்த பாங்கோல் தாம்சன், இருவரையும் முழுமையாக விடுவிக்க வேண்டும் என்று மாறுபட்ட தீர்ப்பு எழுதினார். அராஜகத்திலிருந்து நாட்டை மீட்க வேறு வழியில்லாமல் செய்தவை என்பதும், மக்களின் பாதுகாப்பே எல்லாவற்றுக்கும் மேலான சட்டம் என்பதும் அவர் வாதம். தண்டனையில் அந்த வாதத்தின் சாயல் பெரும்பான்மை நீதிபதிகளிடமும் ஒட்டிக்கொண்டது. ஜனநாயகத்தை மீட்கப் போரிட்டவர்கள் என்பதைக் கணக்கில் எடுத்து, ஃபோஃபானாவுக்கு 6 ஆண்டும் கொண்டேவாவுக்கு 8 ஆண்டும் விதித்தார்கள்.

2008 மே மாதம் மேல்முறையீட்டு அமர்வு இதைப் புரட்டிப்போட்டது. சில குற்றங்களிலிருந்து அவர்களை விடுவித்தாலும், போரின் நோக்கம் நியாயமானது என்பதற்காகத் தண்டனையைக் குறைக்க முடியாது என்று சொல்லி, 15 ஆண்டாகவும் 20 ஆண்டாகவும் உயர்த்தியது.

எந்தத் தீர்ப்பு சரி? தாம்சனின் பக்கத்தை எளிதாகத் தள்ளிவிடுவது, பாதுகாப்பான நகரத்தில் உட்கார்ந்து படிப்பவரின் சொகுசு. அரசு இல்லை, போலீஸ் இல்லை, ராணுவமே திருடுகிறது. அடுத்த கிராமத்தில் பிள்ளைகளின் கை வெட்டப்பட்ட செய்தி நேற்று வந்திருக்கிறது. அந்த நிலையில் வேட்டைத் துப்பாக்கியோடு காவல் நின்றவனிடம், முறையான பயிற்சி பெற்ற படையின் ஒழுங்கை எதிர்பார்க்கலாமா? காவலுக்கு நின்ற அந்த ஆளைத் தண்டித்தால், அடுத்த போரில் ஊரைக் காக்க யார் முன்வருவார்? இந்த வாதத்துக்குக் கனம் உண்டு.

ஆனால் அது நியாயப்படுத்துவது ஒன்றை. அதைக் கொண்டு மன்னிக்கச் சொல்வது வேறொன்றை. ஊரைக் காக்கச் சண்டை போட வேண்டியிருந்தது, சரி. டோங்கோவில் சண்டை முடிந்து, ஆயுதம் இல்லாமல் வரிசையில் நின்றவர்களை வெட்டியது எந்த ஊரைக் காத்தது? ‘வேறு வழியில்லை’ என்பது தாக்க வருபவனை நோக்கிச் சுட்டதற்குப் பொருந்தும், பிடிபட்டவனைக் கொன்றதற்குப் பொருந்தாது. சொல்லப்போனால் நியாயமான காரணம் இருப்பவனிடம்தான் கூடுதல் ஆபத்து இருக்கிறது. கொள்ளைக்காரனுக்குத் தான் செய்வது கொள்ளை என்று தெரியும். தருமத்துக்காகப் போரிடுகிறவனுக்குத் தன் கை செய்வதெல்லாம் தருமமாகவே தெரிந்துவிடுகிறது.

சங்கப் புலவர்களுக்கும் இந்த இரட்டை நிலை தெரியாததல்ல. அம்பு விடப்போகிறோம், பெண்டிரும் பிணியாளரும் விலகிப் போங்கள் என்று முன்கூட்டியே அறிவித்த பாண்டியனைப் புகழும் பாட்டும், பகைவன் நாட்டு விளைவயலை எரியூட்டிய மன்னனைப் புகழும் பாட்டும் புறநானூறு என்ற ஒரே தொகையில்தான் இருக்கின்றன. போருக்கு வரம்பு உண்டு என்று அறிந்தவர்கள், தம் அரசன் அந்த வரம்பைத் தாண்டும்போதும் பாடத் தயங்கவில்லை.

மேல்முறையீட்டுத் தீர்ப்பே சரி என்பது இந்தக் கட்டுரையின் நிலை. ஆனால் அதோடு விவகாரம் முடிந்துவிடவில்லை. சிறப்பு நீதிமன்றம் நடத்தி முடித்த வழக்குகளைப் பாருங்கள். கிளர்ச்சி முன்னணியிலிருந்து மூவர், ஆட்சியைக் கவிழ்த்த ராணுவக் குழுவிலிருந்து மூவர், குடிமைப் பாதுகாப்புப் படையிலிருந்து மூவர், தனியே லைபீரிய முன்னாள் அதிபர் சார்லஸ் டெய்லர். மூன்று, மூன்று, மூன்று. பார்ப்பவர் மனத்தில் எல்லாரும் சம அளவு தவறு செய்தார்கள் என்ற படம்தானே பதியும்? அதே நாட்டின் உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையம் 2004இல் வெளியிட்ட அறிக்கையின் கணக்கு வேறு. பதிவான மீறல்களில் கிளர்ச்சி முன்னணியின் பங்கு சுமார் 60 விழுக்காடு. குடிமைப் பாதுகாப்புப் படையின் பங்கு சுமார் 6.

தண்டனைகளில் இந்த வேறுபாடு ஓரளவு தெரியத்தான் செய்கிறது. கிளர்ச்சித் தலைவர் இசா செசேக்கு 52 ஆண்டு. இருந்தாலும் ‘இரு தரப்பும் குற்றம் செய்தன’ என்ற வாக்கியம் உண்மையாக இருந்துகொண்டே பொய்யான எண்ணத்தை உண்டாக்கக் கூடியது. எல் சால்வடோர் உள்நாட்டுப் போர் பற்றி 1993இல் அறிக்கை தந்த உண்மை ஆணையத்திடம் வந்த புகார்களில் 85 விழுக்காடு அரசுப் படைகள்மீதும் அவற்றைச் சார்ந்த கொலைக்குழுக்கள்மீதும் இருந்தன. கெரில்லாக்கள்மீது சுமார் 5 விழுக்காடு. அங்கே ‘இரு தரப்பும்’ என்று மட்டும் சொல்லி நிறுத்துகிறவர் நடுநிலை பேசவில்லை, 85ஐ மறைக்கிறார். அதற்காக அந்த 5 விழுக்காட்டில் கொலையுண்டவர்களிடம் ‘உங்கள் கணக்கு சிறியது’ என்று சொல்லவும் முடியாது. விகிதம் வரலாற்றுக்குத் தேவை. கொலை வழக்கில் இறந்தவர் ஒருவர், கொன்றவர் ஒருவர். அங்கே விகிதத்துக்கு வேலை இல்லை. இரண்டையும் ஒரே நேரத்தில் மனத்தில் வைத்திருப்பது சிரமம்தான். அந்தச் சிரமத்துக்குச் சோம்பித்தான் பெரும்பாலான விவாதங்கள் ஏதாவது ஒன்றை விட்டுவிடுகின்றன.

இரு தரப்பையும் விசாரித்ததாகப் பெயர் வாங்கிய நீதிமன்றம் உண்மையில் எல்லாத் தரப்பையும் விசாரித்ததா என்பது இன்னொரு கேள்வி. போர்க்காலத்தில் நார்மன் துணைப் பாதுகாப்பு அமைச்சராக இருந்தபோது பாதுகாப்புத் துறை அதிபர் கப்பாவின் கையில் இருந்தது. நீதிமன்றம் கேட்டு 2000இல் ஐ.நா.வுக்குக் கடிதம் எழுதியவரே அவர்தான். அந்தக் கடிதம் பேசியது கிளர்ச்சியாளர்களைப் பற்றி. அவர்மீது வழக்கும் இல்லை, அவரைச் சாட்சியாக அழைக்கச் சொன்ன பிரதிவாதிகளின் மனுவும் தள்ளுபடியானது. நைஜீரியா தலைமையில் வந்த மேற்கு ஆப்பிரிக்க அமைதிப்படை 1999 ஜனவரியில் கிளர்ச்சியாளர் என்று சந்தேகித்தவர்களைத் தெருவிலேயே சுட்டுக் கொன்றதை மனித உரிமை அமைப்புகள் பதிவு செய்தன. நீதிமன்றச் சட்டமோ அமைதிப்படையினரை விசாரிக்கும் முதல் பொறுப்பை அவர்களை அனுப்பிய நாடுகளிடமே விட்டுவிட்டது. நார்மனின் ஆதரவாளர்களுக்கு வந்த கோபத்தில் இந்த அளவுக்கு நியாயம் உண்டு. ஆனால் அந்த நியாயம் கேட்பது குற்றவாளிக் கூண்டில் இன்னும் சிலரை நிறுத்த வேண்டும் என்று. நிற்பவரை இறக்கிவிடச் சொல்லவில்லை.

‘எங்களை அவர்களோடு சேர்க்காதீர்கள்’ என்ற குரல் இதற்கு முன்பு மிகப் பலமாக எழுந்தது தென்னாப்பிரிக்காவில். நிறவெறி ஆட்சி மானுடத்துக்கு எதிரான குற்றம் என்று தெளிவாகச் சொன்ன அந்நாட்டு உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையம், ஆப்பிரிக்க தேசிய காங்கிரஸ் தன் முகாம்களில் நடத்திய சித்திரவதைகளையும், பொதுமக்கள் செத்த குண்டுவெடிப்புகளையும் மீறல்கள் என்றே எழுதியது. 1998 அக்டோபரில் அறிக்கை வெளிவருவதைத் தடுக்க அந்தக் கட்சி நீதிமன்றம் போனது. விடுதலைப் போரைக் குற்றமாக்குகிறார்கள் என்றது. மனு தோற்றது. வேடிக்கை என்னவென்றால், நிறவெறி ஆட்சியின் கடைசி அதிபர் டி கிளார்க்கும் அதே அறிக்கைக்கு எதிராக நீதிமன்றம் போய், தம்மைப் பற்றிய பகுதியை அப்போதைக்குக் கறுப்பு மை பூசி வெளியிட வைத்தார். எதிரெதிர்த் தரப்புகள் ஒரு விஷயத்திலாவது ஒன்றுபட்டன.

அந்த ஆணையத்தில் உறுப்பினராக இருந்த தென்னாப்பிரிக்க வழக்கறிஞர் யாஸ்மின் சூக்கா பிறகு சியரா லியோன் ஆணையத்திலும் இருந்தார். 2010இல் இலங்கையின் இறுதிப்போர் பற்றி ஆராய ஐ.நா. பொதுச் செயலாளர் அமைத்த மூவர் குழுவிலும் அவர் ஒருவர். 2011இல் வந்த அதன் அறிக்கை இரு தரப்பின்மீதும் நம்பத்தகுந்த குற்றச்சாட்டுகள் இருப்பதாகச் சொன்னது. அரசின்மீது: மருத்துவமனைகள் உட்பட எறிகணை வீச்சு, உணவும் மருந்தும் மறுத்தது. விடுதலைப் புலிகள்மீது: மக்களை வெளியேற விடாமல் கேடயமாக வைத்தது, தப்பி ஓடியவர்களைச் சுட்டது, பிள்ளைகளைப் படையில் பிடித்தது. இறுதிக் கட்டத்தில் பொதுமக்களின் சாவுகளில் பெரும்பகுதி அரசின் எறிகணை வீச்சால் நேர்ந்தது என்பதையும் அந்த அறிக்கை மறைக்கவில்லை. விகிதமும் சொன்னது, பட்டியலும் சொன்னது. பிறகு நடந்தது தெரிந்ததே. கொழும்பில் முதல் பட்டியலைக் கிழித்துவிட்டு இரண்டாவதை மட்டும் கையில் பிடித்தார்கள். தமிழகத்து மேடைகள் பலவற்றில் இரண்டாவதைக் கிழித்தார்கள். புலிகளின் தலைமை 2009 மே மாதமே அழிந்துபோனதால் அந்தப் பக்கம் பெரும்பாலும் கூண்டில் ஏற்ற ஆளில்லை. ஆள் இருந்த பக்கத்தை ஏற்ற நீதிமன்றம் அமையவில்லை. சியரா லியோனில் ஒப்புக்கு மூன்று மூன்றாகவாவது நடந்தது. இலங்கையில் அதுவும் நடக்கவில்லை.

இரு தரப்பு என்ற சிக்கலை ஒரே ஓர் இடத்தில் சியரா லியோன் ஆணையம் நேராகத் தாண்டியது: இழப்பீட்டில். யார் செய்தது என்று கேட்காமல் என்ன நேர்ந்தது என்று பார்த்து வகை பிரித்தார்கள். கை கால் இழந்தவர்கள், வேறு காயம் பட்டவர்கள், பாலியல் வன்முறைக்கு ஆளானவர்கள், போரில் பாதிக்கப்பட்ட குழந்தைகள், போர் விதவைகள். காமஜோர்கள் கொன்றவரின் மனைவியும் கிளர்ச்சியாளர் கை வெட்டியவரும் ஒரே வரிசையில் பெயர் பதிய முடிந்தது. பரிந்துரையில் மாத ஓய்வூதியமும் இலவச மருத்துவமும் இருந்தன. 2009 வாக்கில் பலருக்கு முதலில் வந்து சேர்ந்தது ஆளுக்குச் சுமார் 100 டாலர். சிறப்பு நீதிமன்றத்தின் மொத்தச் செலவு 20 கோடி டாலரைத் தாண்டியிருந்தது.